மூன்றாவது கலோஜெரோ

தன் பெயர்நாள் அன்று பெட்ரோல் பம்ப்பைச் சாத்திவிட்டு ஊரை விட்டே ஓடுகிறவன் எங்கள் ஊரில் ஒருவன்தான் உண்டு. அவன் என் பெரியப்பா மகன் லில்லோ. மற்றவர்கள் பிறந்தநாளை மறந்தாலும் மறப்பார்கள், தங்கள் பெயருக்குரிய புனிதரின் திருநாளை மறக்கமாட்டார்கள். அன்று காலை என் காப்பிக்கடைக்கு வந்து, கண்ணில் படுகிறவனுக்கெல்லாம் காப்பி சொல்லி, வாழ்த்து வாங்கிக்கொண்டு போவார்கள். ஜூன் மாதம் கலோஜெரோ திருநாள் வந்தால் எனக்கு வியாபாரம் பிய்த்துக்கொண்டு போகும். ஊரில் பாதி ஆண்களுக்கு அந்தப் பெயர்தான். லில்லோவுக்கும் அதுதான் முழுப்பெயர். லில்லோ என்பது செல்லமாகச் சுருக்கியது.

"கஞ்சப்பய. நாலு பேருக்குக் காப்பி வாங்கிக் குடுக்கணுமேன்னு ஓடறான் பாரு" என்று என் கடையில் உட்கார்ந்துகொண்டே பேசுவார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அவன் கஞ்சன் இல்லை. அந்தப் பெயர் அவனுக்கு ஆகாது, அவ்வளவுதான். இதை இந்த ஊருக்கு எத்தனை தடவை சொல்லியும் ஏறவில்லை.

என் பெயரும் கலோஜெரோதான். எங்கள் தாத்தா கலோஜெரோவுக்கு நான்கு மகன்கள். சிசிலியில் தலைமகனுக்கு அப்பாவைப் பெற்றவரின் பெயரை வைத்தாக வேண்டும். வைக்காவிட்டால் அந்தக் கிழவரைச் சந்தியில் நிறுத்திச் செருப்பால் அடித்தது மாதிரி. நான்கு மகன்களும் வைத்தார்கள். இப்படியாக ஒரே பெயரில், ஒரே குடும்பப் பெயரில் நாங்கள் நான்கு பேர். ஒருவன் போட்ட சண்டைக்குப் போலீஸ்காரர் இன்னொருவன் வீட்டுக் கதவைத் தட்டுவார். எனக்கு அதெல்லாம் சிரிப்பாக இருக்கும். பெயரில் என்ன இருக்கிறது, கூப்பிட்டால் சாப்பிடப் போகத்தானே என்று விட்டுவிட்டேன்.

அந்தப் பெயர் கிரேக்க நாட்டுப் பேச்சிலிருந்து வந்தது என்று பங்குச்சாமியார் வருஷா வருஷம் பிரசங்கத்தில் சொல்வார். குகைகளில் தனியாக இருந்து ஜெபம் செய்த துறவிகளை ஜனங்கள் 'நல்ல கிழவர்', 'அழகான கிழவர்' என்று மரியாதையாக அழைத்தார்களாம். எங்கள் புனிதர் அப்படி ஒருவர்தான். கறுத்த முகம், வெள்ளைத் தாடி, கையில் தடி. கொள்ளைநோய் வந்த காலத்தில் நோயாளிகளுக்காக வீடு வீடாக ரொட்டி கேட்டுப் போனார். கதவைத் திறக்கப் பயந்த ஜனங்கள் மாடியிலிருந்து ரொட்டியை அவர்மேல் எறிந்தார்கள். இன்றைக்கும் அவர் சிலை தெருவில் வந்தால் மாடிகளிலிருந்து ரொட்டி மழைதான். கிழவருக்குப் பொருத்தமான பெயர். அதைத் தொட்டிலில் கிடக்கிறவனுக்கு வைத்து, பல் முளைக்காத வாயைப் பார்த்துக் கொஞ்சுகிறோம். அந்தப் பெயர் சொல்கிற வயதுக்குப் பிள்ளை வருமா வராதா என்று யாரும் யோசிப்பதில்லை. லில்லோ யோசித்தான். அவனுக்குக் காரணம் இருந்தது.

லில்லோ மூன்றாவது பிள்ளை. பெரியம்மா முதலில் பெற்ற ஆண் குழந்தைக்குத் தாத்தா பெயரை வைத்தார்கள். அது தவழ ஆரம்பித்தபோது காய்ச்சலில் போய்விட்டது. அடுத்ததும் ஆண். போன பெயரைத் தூக்கி நிறுத்த வேண்டும் என்பது எங்கள் வழக்கம். அதற்கும் கலோஜெரோ என்றே வைத்தார்கள். அது ஒரு மாதம்கூட இருக்கவில்லை. மூன்றாவதாக இவன் பிறந்தான். பெயரை மாற்ற வேண்டும் என்று ஒருத்தருக்கும் தோன்றவில்லை.

எங்களுக்கு எழுத்துக் கூட்டிப் படிக்கத் தெரிந்த வருஷம், கல்லறைத் திருநாளுக்குக் குடும்பத்தோடு கல்லறைக்குப் போனோம். பெரியவர்கள் பூ வைத்துக்கொண்டிருந்தார்கள். லில்லோ ஒரு சின்னப் பளிங்குக் கல் முன்னால் குந்தி, விரலால் தொட்டு ஒவ்வோர் எழுத்தாகப் படித்தான். அது அவன் பெயர். குடும்பப் பெயரோடு, அப்பா பெயரோடு, அப்படியே அவன் பெயர். எழுந்து ஓடியவனைக் கல்லறை வாசலில் வைத்துத்தான் பிடித்தோம்.

அந்தத் திருநாளில் எங்கள் பக்கத்துப் பிள்ளைகளுக்கு இறந்தவர்கள் பரிசு கொண்டுவருவார்கள். காலையில் எழுந்தால் கட்டிலுக்கடியில் சர்க்கரைப் பொம்மை இருக்கும். எனக்குச் செத்துப்போன அத்தை அனுப்புவாள். நான் தலையிலிருந்து கடித்துத் தின்ன ஆரம்பிப்பேன். லில்லோவுக்கு மட்டும், "உன் அண்ணனுங்க அனுப்பியிருக்காங்கடா" என்பாள் பெரியம்மா. "எந்த அண்ணன்?" என்று கேட்பான். "கலோஜெரோதான்" என்பாள். கலோஜெரோ கலோஜெரோவுக்கு அனுப்பிய பொம்மையை அவன் தொடமாட்டான். அதுவும் எனக்குத்தான் வரும்.

பெரியம்மா கெட்டவள் இல்லை. ஆனால் அவள் அவனை வளர்க்கவில்லை, காவல் காத்தாள். கடலில் குளிக்க விடமாட்டாள். இருமினால் வைத்தியரைக் கூட்டி வருவாள். எங்கள் வயதுப் பையன்கள் எல்லாரும் வடக்கே தோரினோவுக்கு, கார் தொழிற்சாலை வேலைக்குக் கிளம்பியபோது லில்லோவும் பெட்டி கட்டினான். பெரியம்மா பஸ்ஸின் படிக்கட்டில் உட்கார்ந்துகொண்டாள். "இந்தத் தடவ விடமாட்டேன்" என்றாள். திரும்பத் திரும்ப அதையேதான் சொன்னாள். இந்தத் தடவை! அவன் முதல் தடவையாகத்தான் எங்கேயோ போகக் கிளம்பியிருந்தான். டிரைவர் ஹாரன் அடித்தான், ஜனம் கூடிவிட்டது. லில்லோ பெட்டியைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டான். அப்புறம் என் கடைக்கு எதிரே பம்ப் வைத்தான். ஊரைத் தாண்டிப் போகிறவனுக்கெல்லாம் பெட்ரோல் போட்டு அனுப்புவதே அவன் வேலையாயிற்று.

அவன் மகன் பெயர் சாரோ. லில்லோவின் அப்பா பெயர் அது, வழக்கப்படி. சாரோ கத்தானியா பக்கத்துப் பெண் ஆகத்தாவைக் கட்டினான். எரிமலை அடிவாரத்துக்காரி என்பதால் ஊரார் அவளை எரிமலைக்காரி என்பார்கள். அவர்கள் என் கடைக்கு மேல்மாடியில்தான் குடியிருந்தார்கள். முதல் பிள்ளை ஆண். "வேற ஏதாவது பேரு வைக்கலாமே" என்று லில்லோ முனகிப் பார்த்தான். தாத்தாவுக்குக் கூச்சம் என்று நினைத்து எல்லாரும் சிரித்தார்கள். கலோஜெரோ என்றே வைத்தார்கள். லில்லோவின் மனைவி நுன்சியா அந்தப் பெயரை நீல ரிப்பனில் பூத்தையல் போட்டு எழுதி, ஆண்பிள்ளை பிறந்த வீட்டு வாசலில் கட்டுவோமே, அப்படிக் கட்டினாள். குழந்தைக்கு இதயத்தில் கோளாறு. ஆஸ்பத்திரியிலேயே ஞானஸ்நானம் கொடுத்தார்கள், அங்கேயே முடிந்துபோயிற்று. ரிப்பன் வெயிலில் வெளுப்பதற்குள் கழற்றி உள்ளே வைத்தார்கள்.

அடுத்த வருஷம் ஆகத்தா மறுபடி உண்டானாள். அன்றிலிருந்து ஆரம்பித்தது லில்லோவின் ரோதனை. பெட்ரோல் போட வருகிற ஒவ்வொருத்தனும் கார் கண்ணாடியை இறக்கி, "கவலப்படாத லில்லோ, பேரு திரும்பி வந்துரும்" என்பான். அவன் குழாயை மாட்டுவான்.

ஒருநாள் மத்தியானம் சாப்பிட வீட்டுக்குப் போனவன் நுன்சியா இஸ்திரி போடுவதைப் பார்த்தான். மேஜைமேல் நீல ரிப்பன். அதே பழைய ரிப்பன்.

"என்னது இது?"

"துவைச்சேன். நல்லாத்தானே இருக்கு? அதே பேருதானே, எதுக்கு வீணாக்கணும்?" என்றாள் நுன்சியா.

அவன் சாப்பிடவில்லை. நேராக என் கடைக்கு வந்தான். கடை நிறைய ஆட்கள், சீட்டுக் கச்சேரி நடந்துகொண்டிருந்தது. நான் காப்பி போடுகிற மேடையை ஓங்கித் தட்டி, "எல்லாரும் கேட்டுக்கங்க. சாரோவுக்குப் பொறக்கப்போற பிள்ளைக்கு என் பேர வைக்கக் கூடாது. வெச்சா நான் அந்த வீட்டு வாசப்படி மிதிக்கமாட்டேன்" என்று கத்தினான்.

சீட்டு அப்படியே நின்றுவிட்டது. படுபாவி, என்ன சொல்கிறான் என்று தெரிந்துதான் சொல்கிறானா? எங்கள் ஊரில் ஒரு தாத்தா தன் பெயரைப் பேரனுக்குக் கொடுக்க மறுத்தால் அதற்கு ஒரே ஓர் அர்த்தம்தான். அந்தப் பிள்ளை தன் மகனுடையது இல்லை என்று அவர் நினைக்கிறார் என்று அர்த்தம். இதை லில்லோ மறந்துபோனான். ஐம்பது வருஷக் கோபம் தொண்டைக்கு வந்தபோது வேறு எதுவும் அவனுக்கு ஞாபகம் வரவில்லை.

சாயங்காலத்துக்குள் செய்தி ரொட்டிக்கடை, மீன்கடை, கோயில் எல்லாம் சுற்றிவிட்டது. மறுநாள் அதைச் சரிக்கட்டுகிறேன் பேர்வழி என்று லில்லோ மறுபடி கடைக்கு வந்தான். "பிள்ளை எங்க ரத்தம்தான்! அதுல எனக்குச் சந்தேகமே கிடையாது!" என்றான்.

மூலையில் இருந்த மீன்காரர் சீட்டைக் கீழே வைத்தார். "யாரு லில்லோ சந்தேகம்னு சொன்னது? நாங்க ஒண்ணும் கேக்கலியே?"

அவ்வளவுதான். நேற்றுவரை நம்பாதவர்களும் இன்று நம்பிவிட்டார்கள். வாயைத் திறக்கத் திறக்க ஆழமாகப் புதைந்தான். "எங்கம்மாவுக்கு மூணு..." என்று ஆரம்பித்தால், "தெரியும்பா, எங்க வீட்லயும் ரெண்டு போச்சு, பேரு போச்சா?" என்று கேட்டார்கள். அவர்கள் வீடுகளிலும் கல்லறையில் அப்படிக் கற்கள் இருந்தன. அதனால்தான் அவன் சொல்வது அவர்கள் காதில் விழவில்லை.

நுன்சியா அவனோடு பேசுவதை நிறுத்தினாள். சாரோ அப்பாவின் பம்ப்பை விட்டு அடுத்த ஊருக்குப் போய்ப் பெட்ரோல் போட்டான். போய் வருவதிலேயே பாதி தீர்ந்திருக்கும், முட்டாள். ஆகத்தா மாடியில் துணி காயப்போட வரும்போது கீழே பார்ப்பதே இல்லை. லில்லோ எதிரே நின்று அண்ணாந்து பார்த்துக்கொண்டிருப்பான்.

திருநாள் வந்தது. வழக்கம்போல அவன் பம்ப்பைச் சாத்திவிட்டுக் காரை எடுத்தான். போகிறவனுக்கு ஒரு காப்பியாவது கொடுப்போம் என்று கோப்பையோடு நான் தெருவைத் தாண்டினேன். அதற்குள் ஆகத்தா வயிற்றைத் தாங்கிக்கொண்டு இறங்கி வந்து, முன்கதவைத் திறந்து காரில் உட்கார்ந்துவிட்டாள்.

"எறங்கும்மா. மேளச் சத்தம் கேக்குது பாரு, தெரு அடைச்சுரும்" என்றான் லில்லோ.

"அடைக்கட்டும். எனக்கு ஒரு பதில் சொல்லிட்டு ஓடுங்க மாமா. இது உங்க மகன் பிள்ளை இல்லன்னு நெனக்கறீங்களா?"

லில்லோ ஸ்டியரிங்கில் நெற்றியால் முட்டினான். ஹாரன் அலறியது. "எந்த மடையன் சொன்னான் அப்படி?"

"நீங்கதான் சொன்னீங்க. ஊரக் கூட்டிச் சொன்னீங்க. நான் ரொட்டிக்கடையில நொழஞ்சா பேச்சு நிக்குது மாமா."

"நான் சொன்னது அது இல்ல! அய்யோ, நான் சொன்னது அது இல்லவே இல்ல!" அவன் குரல் உடைந்தது. என்னைப் பார்த்தான். நான் கோப்பையை வைத்துக்கொண்டு மரம் மாதிரி நின்றேன். அப்புறம் அவளுக்குச் சொன்னான். கல்லைச் சொன்னான், சர்க்கரைப் பொம்மையைச் சொன்னான், பஸ் படிக்கட்டைச் சொன்னான். "எங்கம்மா என்னைக் கூப்பிட்டா மூணு பேரு திரும்பிப் பாத்தோம்மா. எனக்குன்னு அவ ஒரு தடவகூடக் கூப்பிட்டதில்ல. சாகும்போதும் கூப்பிட்டா. யாரக் கூப்பிட்டான்னு இன்னிவரைக்கும் எனக்குத் தெரியாது. உன் பிள்ளைக்கு அது வேணாம். அவன் ஒருத்தனா இருக்கட்டும்."

ஊர்வலம் முனை திரும்பிவிட்டது. முதல் ரொட்டி காரின் முன்பக்கம் விழுந்து உருண்டது. ஆகத்தா அழுதுகொண்டிருந்தாள், ஆனால் குரல் உறுதியாக இருந்தது.

"நீங்க உங்களப் பத்தி மட்டும் சொல்லிட்டீங்க. நான் சொல்லட்டுமா? அவன் போனதுலருந்து இந்த வீட்ல யாரும் அந்தப் பேரச் சொல்லல. 'அது', 'நடந்தது', 'அந்த விஷயம்'ங்கறாங்க. ஆறுதலையும் இந்த ரொட்டி மாதிரி தூர நின்னே எறியறாங்க. அவனப் பத்துமாசம் சுமந்தவ நான். இவனுக்கும் அந்தப் பேர வெச்சா, ஒரு நாளைக்கு நூறு தடவ வாய் நெறையக் கூப்பிடலாம். ஒருத்தரும் தடுக்க முடியாது. எனக்கு அதுக்குத்தான் வேணும்."

"கூப்பிடறப்ப எவன் வருவான்?" என்று கேட்டான் லில்லோ.

கறுத்த முகத்துக் கிழவர் பத்துப் பன்னிரண்டு பேர் தோளில் ஆடிக்கொண்டு எங்களைத் தாண்டினார். ஒருவன் மேலே ஏறி, உயிருள்ள மனிதருக்கு வியர்வை துடைக்கிற மாதிரி சிலையின் முகத்தைக் கைக்குட்டையால் துடைத்துக்கொண்டிருந்தான். கூட்டம் போன பிறகு ஆகத்தா கதவைத் திறந்து இறங்கிப் போனாள். அந்த வருஷம் லில்லோவால் எங்கும் ஓட முடியவில்லை.

ஆகஸ்டில் ஆண் குழந்தை பிறந்தது. அன்று காலை என் கடைக்கு வந்த கூட்டம் காப்பிக்கு வந்ததல்ல, ரிப்பனைப் படிக்க வந்தது. சாரோ நாற்காலி போட்டு ஏறிக் கட்டினான். புது ரிப்பன், ஆகத்தாவின் கோணல் தையல். தாரியோ என்று இருந்தது.

"தாரியோவா? அது எந்தப் பக்கத்துத் தாத்தா?" என்று மீன்காரர் கேட்டார்.

"எந்தப் பக்கமும் இல்ல. அவன் பேரு அது" என்றான் சாரோ.

லில்லோ தெருவின் அந்தப் பக்கம் நின்று உதட்டை அசைத்துப் படித்தான். முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை நான் பார்த்ததில்லை. நேராகக் கடைக்குள் வந்து, "எல்லாருக்கும் காப்பி, என் கணக்கு" என்றான். அந்தக் கழுதைகள் என்ன செய்தார்கள் தெரியுமா? பாதிப் பேர் கோப்பையைத் தொடவில்லை. பாவம் என்று அவன் தோளைத் தட்டிவிட்டுப் போனார்கள். பெயரும் வைக்கவில்லை, அப்படியென்றால் விஷயம் உண்மைதான் என்று தீர்ப்பு எழுதிவிட்டார்கள். அது இனி மாறாது. அந்தப் பிள்ளைக்குக் கல்யாணம் ஆகிற அன்றும் எவனாவது ஒருவன் இதைச் சொல்வான்.

நாங்கள் குழந்தையைப் பார்க்க மாடிக்குப் போனோம். நுன்சியா ஜன்னலோரம் முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டு நின்றாள். லில்லோ பிள்ளையை வாங்கி, "தாரியோ, தாரியோ" என்று அலுக்காமல் சொல்லிக்கொண்டிருந்தான்.

"மாமா, நீங்க கேட்டதச் செஞ்சுட்டேன். ஆனா அந்தப் பேரு என் தொண்டையிலயே நிக்குது. சொல்றதுக்கு எனக்கு ஓர் ஆள் வேணும்" என்றாள் ஆகத்தா. "இனிமே உங்கள மாமான்னு கூப்பிடல. பேரச் சொல்லிக் கூப்பிடட்டுமா?"

"அடியே! மாமனாரப் பேர் சொல்லியா? ஊரு சிரிச்சது பத்தாதா?" என்று நுன்சியா பாய்ந்தாள்.

லில்லோ குழந்தையிடமிருந்து கண்ணை எடுக்கவில்லை. "லில்லோன்னா?"

"இல்ல. முழுசா."

அவன் முகம் சுண்டிப்போனதை நான் பார்த்தேன். மாட்டேன் என்று சொல்லிவிடுடா என்று மனதுக்குள் கத்தினேன். அவன் பிள்ளையை அவள் மடியில் வைத்துவிட்டு, "கூப்பிடு" என்றான்.

அன்றிலிருந்து தினமும் நடக்கிறது. என் தலைக்கு மேலே மாடியில் வந்து நின்று தெருவே கேட்க, "கலோஜெரோ!" என்று கூப்பிடுகிறாள். என் கடையில் உட்கார்ந்திருக்கிறவர்கள் ஒருவரையொருவர் பார்த்துச் சிரிக்கிறார்கள். எரிமலைக்காரிக்குத் திமிரைப் பார் என்கிறார்கள். எதிரே லில்லோ நிமிர்ந்து பார்த்து, "என்னம்மா?" என்பான். "ஒண்ணும் இல்ல" என்று உள்ளே போய்விடுவாள்.

ஒருநாள் பொறுக்கமாட்டாமல் தெருவைத் தாண்டிப் போய்க் கேட்டேன். "எதுக்குடா இதுக்கு ஒத்துக்கிட்ட? ஆயுசு பூரா இந்தப் பேரத் திட்டினது நீதானே?"

அவன் கார் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தான். துணியை விசிறி அடித்தான். "வேற என்னடா பண்ணச் சொல்ற? அந்தப் பயலயாவது அது விட்டுச்சுல்ல? அந்தப் பொண்ணு யாரப் போய்க் கூப்பிடும்? சனியன் பிடிச்ச பேரு. அண்ணனுங்களும் நானுமா மூணு பேரா இருந்தோம், இப்ப அவ மொதப் பிள்ளையோட நாலு."

மேலேயிருந்து மறுபடி குரல் வந்தது. லில்லோ பல்லைக் கடித்தான். முகத்தைச் சரிசெய்துகொண்டு மாடியை அண்ணாந்து பார்த்து, "இங்கதாம்மா இருக்கேன்" என்றான்.